குந்தா மலையின் கல்வட்டங்களும் ஒரு பழைய கடிதமும்

நீலகிரி மலைத்தொடரின் தென்மேற்குப் பகுதியைக் குந்தா என்பர். அதன் தலைமையிடம் மஞ்சூர். உதகையிலிருந்து 30 கி.மீட்டருக்குச் சற்று மேற்பட்ட தொலைவில், தேயிலைச் சரிவுகளின் நடுவே அமைந்துள்ள சிற்றூர் அது. கொழும்புத் திட்டத்தின்கீழ்க் கனடா நாட்டு உதவியுடன் 1950களில் தொடங்கப்பட்ட குந்தா நீர்மின் திட்டத்தால் அவ்வூரின் பெயர் வெளியுலகுக்குத் தெரியவந்தது. அதற்கு முன்னர் அது படகர் பெருமக்களின் அட்டிகள் சூழ்ந்த ஒரு மலைமூலை. ஆயினும் திருச்சபை வரலாற்றைக் கற்போர்க்கு இந்த மூலை அயலான இடமன்று. நீலகிரியின்மீது ஏறிய முதல் ஐரோப்பியக் கிறிஸ்தவத் தொண்டர், 1603ஆம் ஆண்டில் மலையாளக் கரையிலிருந்து புறப்பட்டு, இத்தென்மேற்குத் திசையிலிருந்தே மலையேறினார். அவர் எழுதிய கடிதம் இன்றும் கிடைக்கிறது. அக்கடிதத்தையும், இம்மலைமுடிகளில் காணப்படும் பழைய ஈமக் கற்களையும் ஒருங்கே வைத்து நோக்குவதே இக்கட்டுரையின் கருத்து.

இக்கருத்து எங்களுக்கு நூலகத்தில் தோன்றவில்லை. சென்ற ஆண்டின் பனிக்காலத்தில், மஞ்சூரை அடுத்த சபையொன்றில் நடைபெற்ற தியானக் கூடுகைக்கு இறையியல் மாணவர் 14 பேருடன் சென்றிருந்தோம். இரண்டாம் நாள் நண்பகலில் கல்வட்டங்களைக் காண விரும்பினோம். அருகிலுள்ள அட்டியைச் சேர்ந்த முதியவர் ஒருவர் வழிகாட்டியாக வர இசைந்தார். தேயிலைத் தோட்டங்களைக் கடந்து, புல்வெளி மேட்டில் ஒரு மணி நேரம் ஏறினோம். முடியில், பாதி மண்ணில் புதைந்த கற்கள் வட்டமாகக் கிடந்தன. நடுவே தரை சற்றே பள்ளமாயிருந்தது. காற்று மிகுதியாக வீசியபடியால், கற்களின் மறைவில் அமர்ந்து, கொண்டு சென்ற உணவுப் பொட்டலங்களைப் பிரித்தோம். ஜெபித்து உண்ணத் தொடங்கிய பின்னரே ஒன்றைக் கவனித்தோம். முதியவர் எங்களுடன் வந்து அமரவில்லை. வட்டத்துக்கு வெளியே, காற்றில் நின்றுகொண்டிருந்தார்.

“ஐயா, உள்ளே வந்து அமருங்கள்” என்றோம். அவர் தலையசைத்து மறுத்தார். “இது உங்கள் முன்னோரின் கல்லறையோ?” என்று மாணவர் ஒருவர் கேட்டார். “எங்களுடையது அல்ல. நாங்கள் இம்மலைக்கு வருமுன்னரே இருந்தவர்களுடையது என்று சொல்வார்கள். அவர்கள் யாரென்று எங்களுக்குத் தெரியாது” என்றார். “அப்படியானால் வெளியே நிற்பானேன்?” என்றார் மாணவர். முதியவர் சிறிது நேரம் பேசாதிருந்து, “யாராயிருந்தாலும் இறந்தவர்கள்தாமே, ஐயா” என்றார்.

நாங்கள் எழுந்தோம். உணவைக் கட்டிக்கொண்டு வெளியே வந்து காற்றில் நின்று உண்டோம். அடக்க ஆராதனைகளை எத்தனையோ முறை நடத்தியவர்கள் நாங்கள். கல்லறைத் தோட்டத்தில் எவரேனும் இலை விரித்து உண்டால் பொறுத்திருப்போமா? பொறுத்திரோம். அக்கற்கள் எங்கள் இனத்தாருடையவை அல்ல என்பதனாலேயே அவை எங்கள் கண்ணுக்குக் கல்லறையாகத் தோன்றவில்லை. இந்த எண்ணமே எங்களைப் பழைய கடிதத்தினிடம் திருப்பி அனுப்பிற்று.

தோடமலையைப் பற்றிய வதந்தி

1599ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில், கோவாவின் பேராயர் அலெய்ஷோ டி மெனேசெஸ் உதயம்பேரூரில் ஒரு சங்கத்தைக் கூட்டினார். மலையாள நாட்டின் தோமா கிறிஸ்தவர்களை உரோமையின் ஆளுகைக்குள் கொணர்வதே அச்சங்கத்தின் நோக்கம். அவர்களுடைய சிரியாக் நூல்கள் பல பிழையுடையவையெனத் தீர்க்கப்பட்டன. அவற்றுள் பல நெருப்புக்கு இரையாயின. அக்காலத்தில் மேற்குக் கரையில் ஒரு பேச்சு வழங்கிவந்தது. கிழக்கே உயர்ந்த மலைகளுக்கு அப்பால், ‘தோடமலை’ என்னுமிடத்தில், ஒரு காலத்தில் தோமாவின் சபையைச் சேர்ந்திருந்து, பின்னர் போதகரின்றி நெறி மறந்துபோன மக்கள் வாழ்கின்றனர் என்பதே அப்பேச்சு.

காணாமற்போன ஆட்டைத் தேடும் ஆவல் திருச்சபைக்கு இயல்பானதே. அங்கமாலியின் ஆயராயிருந்த பிரான்சிஸ்கோ ரோஸ் என்னும் இயேசு சபையார், 1602இல் ஒரு குருவையும் ஓர் உதவிக்குருவையும் மலைக்கு அனுப்பினார். அவர்கள் கொணர்ந்த செய்தியைத் தெளிவுபடுத்துதற்பொருட்டு, அடுத்த ஆண்டில் ஜாக்கோமோ பெனிச்சியோ என்னும் குரு அனுப்பப்பட்டார். இவர் இத்தாலி நாட்டின் காப்புவா நகரத்தவர். இயேசு சபையைச் சேர்ந்தவர். கோழிக்கோட்டில் சாமூதிரி மன்னரின் நட்பைப் பெற்றுப் பணிபுரிந்தவர். மன்னார்க்காட்டின் வழியாகக் காட்டுப்பாதைகளில் நடந்து மலையேறினார். அவ்வழி எத்தகையது என்பதை அட்டப்பாடிக்கும் குந்தாவுக்கும் இடைப்பட்ட சரிவுகளை இன்று பார்ப்போரும் உணரலாம். மஞ்சூரிலிருந்து கெத்தை வழியாகக் காரமடைக்கு இறங்கும் இக்காலத்துச் சாலைக்கே 43 கொண்டை ஊசி வளைவுகள் உள்ளன என்றால், நானூறு ஆண்டுகளுக்கு முன்னர் ஒற்றையடிப் பாதையில் ஏறியவர் பட்ட பாட்டைச் சொல்லவும் வேண்டுமோ?

அவர் கோழிக்கோட்டுக்குத் திரும்பி வந்து எழுதிய கடிதம் 1603 ஏப்ரல் 1ஆம் நாளிடப்பட்டது. போர்த்துக்கீசிய மொழியில் அமைந்த அக்கடிதத்தின் ஆங்கில மொழிபெயர்ப்பை, தோடரைப் பற்றித் தாம் எழுதி 1906இல் வெளியிட்ட பெருநூலின் பின்னிணைப்பாக ரிவர்ஸ் என்னும் அறிஞர் சேர்த்துள்ளார்.

கடிதம் கூறுவது யாது?

பெனிச்சியோ மலையில் இருவகை மக்களைக் கண்டார். ஊரமைத்துப் பயிர்செய்து வாழ்ந்த படகரை முதலிற் கண்டார். பின்னர் எருமை மேய்க்கும் தோடரைக் கண்டார். தோடரின் பால்மனைக் குருவை மொழிபெயர்ப்பாளர் வாயிலாக வினவினார். எருமைகளைச் சுற்றியே அவர்களது வழிபாடு அமைந்திருப்பதையும், உடன்பிறந்த ஆடவர் ஒரே பெண்ணை மனைவியாகக் கொள்ளும் வழக்கத்தையும் குறித்துக்கொண்டார். தோடப் பெண்களுக்கு முகம்பார்க்கும் கண்ணாடிகளையும் நூற்கண்டுகளையும் வழங்கினார். அவர்கள் பெரிதும் மகிழ்ந்தனர்.

அவர் தேடிச் சென்ற கிறிஸ்தவர்களை மட்டும் காணவில்லை. காணவில்லை என்றே எழுதினார். இதனை நாம் எளிதாகக் கடந்துவிடலாகாது. அனுப்பியவர்கள் எதிர்பார்த்தது வேறு. மலைமீது மறைந்து வாழும் தோமாவின் பிள்ளைகளைக் கண்டுபிடித்தேன் என்று எழுதியிருந்தால், கோவாவில் மட்டுமன்று, ஐரோப்பாவெங்கும் அவர் பெயர் விளங்கியிருக்கும். அதற்கு வேண்டிய சிறு சான்றுகளை உண்டாக்கிக்கொள்வதும் கடினமன்று. நீண்ட தாடியும், உடலைச் சுற்றிய போர்வையும், தவவாழ்வு வாழும் குருவும் கண்முன்னே இருந்தார்கள். பெனிச்சியோ அவ்வாறு செய்யவில்லை. தாம் கண்டவர்கள் தோடர். அவர்களுடைய சமயம் அவர்களுடையது. அதில் தோமாவின் சுவடு இல்லை என்ற முடிவோடு இறங்கி வந்தார். அவரது பயணத்தால் மலையில் எந்தப் பணியும் நிறுவப்படவில்லை. அடுத்த இருநூறு ஆண்டுகளுக்கு மேலாக எந்த மிஷன் நிலையமும் அங்கு எழவில்லை. பணிக்கணக்கின்படி அது ஒரு தோல்வி.

ஆனால் வரலாற்றுக்கு அது பெரும் பேறாயிற்று. படகர் மைசூர்ப் பக்கத்திலிருந்து நீலகிரிக்கு வந்தேறியவர்கள் என்பது அவர்களுடைய மரபு. 1565இல் விசயநகரம் வீழ்ச்சியுற்ற பின்னர் எழுந்த குழப்பங்களை அதற்குக் காரணமாகக் கூறுவாருண்டு. அவர்கள் எப்பொழுது வந்தார்களாயினும், 1603இல் இம்மலையில் ஊர்கொண்டு வாழ்ந்தனர் என்பதற்கு இக்கடிதமே உறுதியான எழுத்துச் சான்று. தோடரைப் பொறுத்தவரை, இன்னும் பழைய சான்று ஒன்று உண்டு. போசள மன்னன் விஷ்ணுவர்த்தனனின் படைத்தலைவன் புணிசன் தோடரை அஞ்சச்செய்து நீலமலையைக் கைப்பற்றினான் என்று, சாமராசநகரத்தில் உள்ள 1117ஆம் ஆண்டின் கல்வெட்டுக் கூறுகிறது. ஆனால் அக்கல்வெட்டில் தோடர் என்பது வென்றவன் பட்டியலில் வரும் ஒரு பெயரே. அவர்களுடைய வாழ்க்கையை, எருமைகளை, குருவை, குடும்பத்தை நமக்கு முதன்முதல் எழுத்தில் காட்டியவர் பெனிச்சியோ. முந்நூறு ஆண்டு கழித்து ரிவர்ஸ் கண்ட தோட வாழ்வின் பெரும்பகுதி அக்கடிதத்தில் முன்னரே இருந்தது.

இதே பெனிச்சியோ, மலையாள நாட்டு மக்களின் சமயத்தைப் பற்றி ஒரு விரிவான நூலை 1609இல் எழுதி முடித்தார். அது அச்சேறாமல் கையெழுத்துப் படியாகவே கிடந்தது. டச்சுச் சீர்திருத்தச் சபையின் குருவாக யாழ்ப்பாணத்தில் பணிபுரிந்த பிலிப்பு பால்தேயு, 1672இல் தாம் வெளியிட்ட நூலில் அதிலிருந்து ஏராளமாக எடுத்தாண்டார். எடுத்த இடத்தைச் சொல்லவில்லை. 1933இல் சார்பெந்தியே என்னும் சுவீடன் நாட்டு அறிஞர் மூலநூலைப் பதிப்பித்தபோதே உண்மை வெளிப்பட்டது. சீர்திருத்தச் சபையாராகிய நாம் இதனையும் மறைக்காமல் சொல்லவேண்டும்.

கற்களும் கற்பனைகளும்

1819இல் கோயம்புத்தூர் ஆட்சியர் ஜான் சல்லிவன் மலையேறிய பின்னர் நீலகிரி ஆங்கிலேயருக்குத் திறந்துகொண்டது. குளிர்ந்த காற்றைத் தேடி வந்தவர்கள் மலைமுடிகளில் கல்வட்டங்களைக் கண்டார்கள். அவற்றுட் சில, கிணற்றுச் சுவர்போல வட்டமாகக் கற்கள் அடுக்கப்பட்டவை. சில, வெறும் கல்வளையங்கள். சில, சுற்றிலும் அகழியுடைய மண்மேடுகள். இவையன்றி, பலகைக் கற்களை நிறுத்தி மேலே மூடுகல் இட்ட கல்லறைகளும் உண்டு. மேலூர், சோலூர் முதலிய இடங்களில் காணப்படும் இவ்வகைக் கற்களில் வீரர், மகளிர், விலங்குகள் ஆகிய உருவங்கள் புடைப்பாகச் செதுக்கப்பட்டுள்ளன. அவை மலைமுடி வட்டங்களுக்குப் பிற்பட்ட காலத்தவை. படகர் இவற்றை ‘மோரியர் மனை’ என்பர். சமவெளித் தமிழர் இத்தகைய ஈமச்சின்னங்களைப் பாண்டவர் குழி என்றனர். பெயர் தெரியாத முன்னோரைக் கதைப்பெயர் ஒன்றால் வழங்குவது எங்குமுள்ள வழக்கமே.

காங்கிரீவ் என்னும் படைத்தலைவர் பல கல்வட்டங்களைத் தோண்டி, 1847இல் நீண்ட கட்டுரை ஒன்றை வெளியிட்டார். இவற்றைக் கட்டியவர் தோடரே என்பதும், தோடர் மத்திய ஆசியாவின் சித்தியர் வழியினர் என்பதும் அவர் கொள்கை. நீலகிரியின் முதல் கமிஷனராக 1868இல் பொறுப்பேற்ற ஜேம்ஸ் வில்கின்சன் பிரீக்ஸ், கல்கத்தா அருங்காட்சியகத்தின் வேண்டுகோளை ஏற்று முறையாகத் தோண்டி ஆராய்ந்தார். 1872இல் அவர் மறைந்தார். அவருடைய துணைவியார் 1873இல் அந்நூலை வெளிக்கொணர்ந்தார். உதகையில் பிரீக்ஸ் நினைவுப் பள்ளி அவர் பெயரால் விளங்குகிறது.

அக்குழிகளில் கிடைத்தவை வியப்புக்குரியன. உயர்ந்த மூடிகளையுடைய மட்பாண்டங்கள், மூடிகளின்மேல் எருமை, குதிரை, மயில், மனிதர் முதலிய சுடுமண் உருவங்கள், எரிந்த எலும்புத் துண்டுகள், இரும்பினாலாகிய அரிவாள், கத்தி, ஈட்டிமுனை, மணிகள், சில பொன்னணிகள், நேர்த்தியான வெண்கலக் கிண்ணங்கள். இவற்றுட் பல சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்திலும், சில இலண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்திலும் உள்ளன. வெண்கலக் கிண்ணங்களைச் செய்த கைத்திறனைப் பார்க்கும்போது, இம்மலைவாசிகள் சமவெளியோடும் தொலைநாடுகளோடும் தொடர்பற்றுக் கிடந்தவரல்லர் என்பது தெளிவாகிறது. ஆனால் அக்கிண்ணங்கள் யாருக்காக வைக்கப்பட்டனவோ, அவர்களுடைய பெயர் ஒன்றேனும் நமக்குத் தெரியாது.

பெயர் தெரியாத இடத்தில் கற்பனை புகுந்தது. சித்தியர் என்றார் ஒருவர். இழந்துபோன இஸ்ரயேலின் பத்துக் கோத்திரத்தார் என்றனர் சிலர். தோடரின் போர்வையைக் கண்டு உரோமர் வழியினரோ என ஐயுற்றாரும் உண்டு. 1599இல் தோமாவின் கிறிஸ்தவராக எண்ணப்பட்டவர்கள், 19ஆம் நூற்றாண்டில் யூதராகவும் உரோமராகவும் எண்ணப்பட்டனர். வந்தவர் ஒவ்வொருவரும் தத்தம் நூலில் படித்த மக்களையே மலையில் கண்டனர். பெனிச்சியோ கண்ணாடியைத் தோடப் பெண்களுக்குக் கொடுத்துவிட்டு வந்தார். பின்வந்தவர்கள் தோடரையே கண்ணாடியாக்கித் தம் முகத்தைப் பார்த்துக்கொண்டனர்.

இவ்விடத்தில் நம் சபையைச் சேர்ந்த இருவரை நன்றியுடன் நினைவுகூரல் தகும். சர்ச் மிஷனரி சங்கத்துத் தொண்டராகிய பெர்னார்டு சிமித், 1837இலேயே தோடரின் சொற்களைத் தொகுத்து ஆராய்ந்து, அவர்கள் மொழி தமிழோடு உறவுடையது என்றார். தமிழறிஞர் ஜி. யு. போப், உதகையில் வாழ்ந்த காலத்தில் தோட மொழிக்கு ஒரு சுருக்கமான இலக்கணம் வகுத்தார். மார்ஷல் என்பார் தோடரின் தலைகளை அளந்து எழுதிய நூலோடு, அவ்விலக்கணம் 1873இல் வெளிவந்தது. தலையை அளந்தவரின் கொள்கை இன்று யாராலும் மதிக்கப்படுவதில்லை. மொழியைக் கேட்டவரின் முடிவு நிலைபெற்றது. தோட மொழி தென்திராவிடக் குடும்பத்தது என்பதில் இன்று எவர்க்கும் ஐயமில்லை. முகத்தைப் பார்த்துக் கூறியவர்கள் தவறினர். அமர்ந்து கேட்டவர்கள் உண்மையை அணுகினர்.

யூக்கத்தானில் நிகழ்ந்தது

இச்செய்தி நம் மலைக்கு மட்டும் உரியதன்று. அமெரிக்கக் கண்டங்களின் நடுவே, மெக்சிக்கோவின் யூக்கத்தான் பகுதியில், மாயா மக்கள் எழுப்பிய கோபுரங்களும் மண்டபங்களும் காடு சூழ்ந்து கிடக்கின்றன. இன்று உல்லாசக் கப்பல்கள் கரையில் நிற்கும் சில மணி நேரத்தில் பயணிகள் சீச்சென் இட்சா முதலிய இடங்களுக்கு விரைந்து சென்று, படமெடுத்து, வழியில் ஒரு ‘பழங்குடிச் சிற்றூரையும்’ பார்த்துவிட்டுத் திரும்புகின்றனர். அக்கட்டடங்களையும் மாயா மக்கள் கட்டியிருக்க முடியாது என்று 19ஆம் நூற்றாண்டில் வாதிட்டவர் உண்டு. அங்கேயும் இழந்துபோன இஸ்ரயேல் கோத்திரங்கள் வந்து புகுந்தன.

ஆனால் திருச்சபைக்கு அங்கே இன்னும் கனத்த பாடம் உண்டு. 1562 ஜூலை மாதத்தில், மனீ என்னும் ஊரில், டியேகோ டி லாண்டா என்ற பிரான்சிஸ்கன் துறவி, மாயா மக்களின் ஏடுகளையும் வழிபாட்டு உருவங்களையும் பொதுவில் தீயிட்டு எரித்தார். மக்கள் பெரிதும் துன்புற்றனர் என்பதை அவரே எழுதியுள்ளார். அவர்களுடைய ஏடுகளில் இன்று உலகில் எஞ்சியவை நான்கே. அதே லாண்டா, சில ஆண்டுகள் கழித்து, மாயா மக்களின் வாழ்க்கையையும் நாட்காட்டியையும் எழுத்துக் குறிகளையும் விவரித்து ஒரு நூல் எழுதினார். அதன் சுருக்கப்படி 1862இல் மாட்ரிட் நகரில் கண்டெடுக்கப்பட்டது. அவர் குறித்துவைத்த எழுத்துகளைத் துணைக்கொண்டே, 1952இல் கினோரொசோவ் என்னும் உருசிய அறிஞர் மாயா எழுத்தைப் படிப்பதற்கு வழி திறந்தார். எரித்த கையும் எழுதிய கையும் ஒன்றே. எரித்ததை எழுதியது ஈடுசெய்ததா? செய்யவில்லை. ஆயினும், அயலாரின் சொல்லைச் செவிமடுத்து எழுதிய சில பக்கங்கள், எழுதியவருடைய வெறுப்பையும் கடந்து பயன்பட்டன.

உதயம்பேரூரில் சிரியாக் நூல்களை எரித்ததும், அடுத்த நான்காண்டுக்குள் பெனிச்சியோ தோடரைக் கேட்டு எழுதியதும் ஒரே திருச்சபையின் செயல்களே. அது உரோமைச் சபையின் குற்றம் என்று நாம் ஒதுங்கிக்கொள்ள இயலாது.

பின்வந்த தொண்டர்கள்

நீலகிரியில் சீர்திருத்தச் சபைகளின் நிலையான பணி 1846இல் கேத்தியில் தொடங்கிற்று. ஓய்வுபெற்ற அரசு அதிகாரியாகிய காசமேஜர் அங்கே படகப் பிள்ளைகளுக்குப் பள்ளி வைத்தார். பாசல் மிஷன் தொண்டர்கள் அவருடன் சேர்ந்து உழைத்தனர். அவர்களுள் மெட்ஸ் என்பவர் அட்டி அட்டியாக நடந்து, படக மொழியைக் கற்று, மலைமக்களைப் பற்றிய நூலை எழுதினார். அதன் இரண்டாம் பதிப்பு 1864இல் மங்களூரில் அச்சாயிற்று. முதல் படகர் திருமுழுக்குப் பெற்றது 1850களின் பிற்பகுதியிலேதான். பத்தாண்டுக்கு மேல் உழைத்து ஒருவர்! இக்காலத்து அறிக்கைகளை எழுதுவோர் இதனைச் சிந்தித்தல் நலம்.

படகரின் இறுதிச்சடங்கில் ஒரு நீண்ட ஓதல் உண்டு. இறந்தவரின் பாவங்களை ஒவ்வொன்றாக எடுத்துச் சொல்லி, அவை அனைத்தும் ஒரு கன்றின்மேல் செல்லட்டும் என்று கூறுவர். தொண்டர்கள் இதனைக் கேட்டு வியந்தனர். சார்லஸ் கோவர் 1871இல் வெளியிட்ட தென்னிந்திய நாட்டுப்பாடல் தொகுப்பில் இதனைச் சேர்த்தார். லேவியராகமம் 16ஆம் அதிகாரத்தின் போக்காட்டை நினையாமல் இதனைக் கேட்க எந்தப் போதகராலும் இயலாது. அவ்வாறு நினைப்பது தவறன்று. ஆனால் நினைத்தவுடன், இதுவும் நம்முடையதே என்று கைநீட்டினால், மீண்டும் தோடமலை வதந்தியையே நாம் எழுப்புகிறோம். அவ்வோதலில் வரும் பாவங்கள் யாவை? அயலானின் எல்லைக்கல்லை நகர்த்துவது போன்றவை. ஒரு மலைச்சமுதாயம் தன் நிலத்தில், தன் அயலாரோடு வாழ்ந்து கற்ற ஒழுக்கம் அது. எங்கிருந்தோ கடன் வாங்கியதாக ஆக்காமல், அவர்களுடையதாகவே அதனைக் கேட்டபின்னரே, நம்மிடத்திலுள்ள நற்செய்தி அதனோடு எவ்வாறு பேசும் என்று வினவ நமக்கு உரிமையுண்டு.

தோடரிடையே பல்லாண்டு பணிபுரிந்த காத்தரின் லிங் அம்மையாரின் முயற்சியால், மாற்கு எழுதிய நற்செய்தி 1897இல் தோட மொழியில், தமிழ் எழுத்தில் அச்சாயிற்று. மிகச் சிறிய ஓரினத்துக்காகச் செய்யப்பட்ட அவ்வேலையை இலாபக் கணக்கு எதுவும் நியாயப்படுத்தாது. ஒரு மக்களின் மொழியைத் தேவனுடைய வார்த்தை தாங்கத் தக்கதென மதித்ததே அதன் பெருமை.

அட்டியில்

கல்வட்டத்திலிருந்து இறங்கியபின், முதியவர் எங்களைத் தம் அட்டிக்கு அழைத்துச் சென்றார். வரிசையாக ஒட்டி அமைந்த வீடுகள், முன்னே பொதுமுற்றம், ஒருபுறம் கோயில். பழைய ஓட்டு வீடுகளிடையே பல புதிய மாடி வீடுகள் இருந்தன. எங்களுக்குத் தேநீர் கிடைத்தது. நாங்கள் பழமையைக் கேட்க விரும்பினோம்: தோடர் நெய் கொடுத்ததும், படகர் தானியம் கொடுத்ததும், கோத்தர் இரும்புக் கருவியும் பாண்டமும் இசையும் தந்ததும், குறும்பர் காட்டுப் பொருள் கொணர்ந்ததுமாகிய அந்தப் பழைய கொடுக்கல் வாங்கலைப் பற்றிக் கேட்டோம். அம்முறை 1930ஆம் ஆண்டளவில் பெரும்பாலும் மறைந்துவிட்டது என்று நூல்களில் படித்திருந்தோம். “அதெல்லாம் என் தகப்பனார் காலம்” என்றார் அவர். அவர் பேச விரும்பியது பசுந்தேயிலையின் விலையைப் பற்றி. கிலோவுக்குக் கிடைப்பது பறிகூலிக்கும் உரத்துக்கும் போதவில்லை என்றும், பிள்ளைகள் கோயம்புத்தூருக்கும் பெங்களூருக்கும் போய்விட்டனர் என்றும் சொன்னார்.

மாணவர் சிலர் ஏமாற்றமடைந்தனர். பாரம்பரியச் சிற்றூர் ஒன்றைக் காண வந்தவர்களுக்குத் தேயிலை விலை காட்டப்பட்டது. ஆனால் அவருடைய இன்றைய கவலையைக் கேட்க மனமில்லாதவர், அவருடைய முன்னோரின் பழமையைக் கேட்கத் தகுதியுடையவரா? மக்களைப் பழம்பொருளாக்கிப் பார்ப்பதும் அவர்களைக் கண்ணாடியாக்கிப் பார்ப்பதும் ஒன்றே. இரண்டிலும் அவர்கள் மறைந்துபோகிறார்கள். கப்பற்பயணிகளை நாம் நகைக்கலாகாது. எங்கள் வாகனமும் மாலைக்குள் திரும்பவேண்டியிருந்தது.

முடிவுரை

இவ்வரலாற்றிலிருந்து ஊழியர்களாகிய நாம் கொள்ளத்தக்கவை மூன்று எனக் கருதுகிறோம்.

முதலாவது, உண்மையான அறிக்கை. பெனிச்சியோ தேடியதைக் காணவில்லை. காணவில்லை என்று எழுதினார். நம் சபைகளில் இன்று எழுதப்படும் பணி அறிக்கைகளில், அனுப்பியோர் விரும்புவதை எழுதும் சோதனை எவ்வளவு பெரியது என்பதை நாம் ஒவ்வொருவரும் அறிவோம். நானூறு ஆண்டுக்குப் பின்னரும் பயன்படுவது அவருடைய கடிதமே. அக்காலத்து வதந்தி அன்று.

இரண்டாவது, கேட்கும் பொறுமை. அப்போஸ்தலர் நடபடிகள் 17ஆம் அதிகாரத்தில், பவுல் அத்தேனே நகரின் வழிபாட்டிடங்களைச் சுற்றிப் பார்த்து, ஒரு பீடத்தின் எழுத்தைப் படித்த பின்னரே மார்ஸ் மேடையில் பேசுகிறார். அவர் உள்ளம் கலங்கியதும் உண்மை. ஆயினும் கலங்கியவர் படித்தார். சிமித்தும் போப்பும் மெட்ஸும் அவ்வழியில் நடந்தவர்கள்.

மூன்றாவது, நம்முடையவரல்லாதோர்க்குச் செலுத்தும் மரியாதை. யோசுவாவின் புத்தகம் 4ஆம் அதிகாரத்தில், இந்தக் கற்களின் பொருள் என்னவென்று பிள்ளைகள் கேட்பார்கள் என்று கூறப்படுகிறது. அது நம் கற்களைப் பற்றியது. அயலாரின் கற்களைப் பற்றி நம் பிள்ளைகள் கேட்கும்போது என்ன சொல்வோம்? மலைமுடிக் கல்வட்டங்களுள் பல இன்று சிதைந்துள்ளன. புதையல் தேடுவோரும், சுவருக்குக் கல் தேடுவோரும், தோட்டம் விரிப்போரும் அவற்றை விட்டுவைக்கவில்லை. அவற்றுக்காகப் பேச வழித்தோன்றல் எவரும் முன்வருவதில்லை. உரிமை கோருவாரற்ற இறந்தோருக்காகப் பேசுவது, உயிர்த்தெழுதலை விசுவாசிக்கும் சபைக்கு உரிய பணியன்றோ? மலைப்பகுதிகளில் பணிபுரியும் போதகர்கள் தம் சபையெல்லையில் இத்தகைய கற்கள் உள்ளனவா என்று அறிந்து, சபையாருக்கு எடுத்துரைத்து, ஒரு கல்லும் அகற்றப்படாதபடி காத்தல் நன்று.

அன்று மாலை ஆராதனையில், செய்தி கூற நியமிக்கப்பட்டிருந்த மாணவர் தாம் ஆயத்தம் செய்ததை விட்டுவிட்டு, வட்டத்துக்கு வெளியே நின்ற முதியவரைப் பற்றிப் பேசினார். நாங்கள் அவருக்கு நற்செய்தியைக் கொண்டு செல்வதாக எண்ணி மலையேறியிருந்தோம். கல்லறையின் ஓரத்தில் எவ்வாறு நிற்பது என்பதை எங்களுக்கு அன்று கற்பித்தவர் அவரே.